மைனஸ் இருபத்தெட்டு நிமிஷம்

பெருவின் வடக்குக் கரையில், எங்கள் பைத்தா துறைமுகத்தில் கணவாய் மீன் வெட்டாத பெண்ணைத் தேடித்தான் பிடிக்கணும். எர்சிலியா அக்கா பத்தொன்பது வருஷமாக மீன் ஃபாக்டரியில் என் பக்கத்து மேசையில் வெட்டினாள். ஐஸ் தண்ணீரிலேயே ஊறி விரல் மூட்டெல்லாம் வீங்கிப்போச்சு. காலையில் சட்டைப் பொத்தானைக்கூட அவள் புருஷன் ரூபெர்த்தோதான் போட்டுவிடணும். "ஐம்பது வயசுல கைக்குழந்தை ஆயிட்டேன் பாரு" என்று சிரிப்பாள். எனக்குச் சிரிப்பு வராது.

உறைய வைக்கும் மெஷினைப் பார்த்துக்கொள்ள வருஷத்துக்கு ஒரு ஆள் எடுப்பார்கள். கண்ணாடி அறையில் நாற்காலி போட்டு உட்காரலாம், கை நனையாது. ஆனால் கணக்குப் பரீட்சை உண்டு. அக்கா இரண்டு தடவை எழுதித் தோற்றாள். மூன்றாவதும் போனால் அவ்வளவுதான், மறுபடி எழுத விடமாட்டார்கள்.

அவளைக் கவிழ்த்தது இரண்டு தடவையும் மைனஸ் பின்னம்தான். மைனஸ் முக்காலை அந்தப் பக்கம் கொண்டுபோகணும்னா தலைகீழாக்கிப் பெருக்கணும், மைனஸ் அப்படியே கூடப் போகணும். அக்கா பின்னத்தைத் திருப்புகிற கையோடு மைனஸைப் பிளஸ் ஆக்கிவிடுவாள்.

"ஏன்க்கா இப்படிப் பண்றே?"

"திருப்பிட்டோம்ல? கணவாயைத் திருப்பிப் போட்டா சிவப்புத் தோல் கீழ போய் வெள்ளை மேல வரலையா?"

"அய்யோ கடவுளே! இது கணவாய் இல்லக்கா, கணக்கு!"

"போடி, பெரிய வாத்திச்சி இவ."

மூன்றாவது பரீட்சை கேன்டீனில் நடந்தது. நான் பெட்டி கழுவுகிற சாக்கில் ஜன்னலோரம் நின்றேன். திடீரென்று உள்ளே அக்கா கடகடவென்று சிரித்தாள். பரீட்சை வைத்த இன்ஜினியர் முறைத்தார்.

"என்னம்மா சிரிப்பு?"

"ஒண்ணுமில்லைங்க இன்ஜினியர். என் மீன் ரொம்ப அவசரப்பட்டுடுச்சு."

சொல்லிவிட்டுப் பரபரவென்று ரப்பரால் அழித்தாள். போச்சு, பயத்தில் இவளுக்குப் புத்தி கலங்கிடுச்சு என்று நான் நினைத்தேன்.

மத்தியானம் எலுமிச்சைச் சாற்றில் ஊறின மீன் செவிச்சே தட்டை முன்னால் வைத்துக்கொண்டு விஷயத்தைச் சொன்னாள்.

"கடைசிக் கணக்குடி. மூணு டிகிரில வர்ற மீன் நிமிஷத்துக்கு முக்கால் டிகிரி இறங்குது. மைனஸ் பதினெட்டுக்குப் போக எத்தனை நிமிஷம்? மொத்தம் இருபத்தொரு டிகிரி இறங்கணும். மைனஸ் முக்கால் பெருக்கல் நிமிஷம், சமம் மைனஸ் இருபத்தொண்ணு. திருப்பிப் போட்டேன், மைனஸ் இருபத்தெட்டு நிமிஷம் வந்துச்சு."

"வழக்கம்போல."

"கேளுடி! மைனஸ் நிமிஷம்னா சுவிட்ச் போடறதுக்கு முன்னாடியே மீன் உறைஞ்சிருக்கணும். எந்த மெஷின் அப்படி உறைய வைக்கும்? அப்பத்தான் சிரிச்சேன். அழிச்சுட்டு மைனஸையும் கூடவே இழுத்துட்டுப் போனேன். மைனஸை மைனஸால பெருக்கினா பிளஸ். இருபத்தெட்டு நிமிஷம், சுத்தமா வந்துடுச்சு."

எழுதின ஆறு பேரில் அவள்தான் முதல். நான் அழுதேன், அவள் என் தட்டிலிருந்த சோளத்தையும் சேர்த்துத் தின்றாள்.

அவள் கண்ணாடி அறைக்குப் போய் நாலு மாதம் கழித்து ஒரு காலை ஃபாக்டரி வாசலில் பார்த்தேன். அவள் சட்டையில் பொத்தானெல்லாம் ஒரு துளை தள்ளி மாட்டியிருந்தது.

"என்னக்கா, ரூபெர்த்தோ மாமாவுக்குக் கண்ணு தெரியலையா?"

"அவர் தூங்கறார்டி" என்றாள் அக்கா. "நானே போட்டேன்."