வெட்டில்லாத ஒரு ஷாட்

மூடுபனி இறங்குகிறது, என் மகள் கண்ணிலிருந்து மறைகிறாள். பள்ளங்கி மலைக்கிராமத்தில், படிப்படியாக இறங்கும் ஒரு பூண்டு வயலின் கடைசிப் படியில் கேமராவோடு நிற்கிறாள். பனி வயலை மூடி மறுபடி விலகும்வரை வெட்டே இல்லாத ஒரே ஷாட். அதில் பேச்சுக்குரல் விழக் கூடாது. கல்லூரிக்கு அவள் எடுக்கும் சோதனைப் படம் அவ்வளவுதான். அந்தப் படிக்குக் கீழே செங்குத்தான சரிவு. காலையில் அங்கே காட்டுமாட்டுச் சாணத்தைப் பார்த்தேன். மணி பார்க்க என் போனும் இல்லை, அவள் பையில் இருக்கிறது.

"நிலா!" என்று கத்துகிறேன். பதில் இல்லை. மறுபடி கத்துகிறேன்.

என் பக்கத்தில் பூண்டு பிடுங்கிக்கொண்டிருந்த வயல்காரப் பெண் நிமிர்கிறார். "ஏக்கா இப்படிப் பதறுறீங்க? இப்பத்தான பனி எறங்குச்சு."

"அரை மணி நேரமாச்சும்மா!"

"நல்லாருக்கே! நான் இன்னும் இந்த ஒரு வரிசையவே முடிக்கல." சிரிக்கிறார். "உங்க பொண்ணு பூண்டு வளர்றதையா படம் புடிக்குது? அதுக்கு நாலு மாசம்ல ஆகும்!"

எனக்குச் சிரிப்பு வரவில்லை. கீழே ஏதோ ஒன்று செடிகளை மிதித்துக்கொண்டு ஏறி வருகிறது. அந்தப் பெண் என் கையை இறுகப் பிடிக்கிறார். "அசையாம நில்லுங்கக்கா. மாடா இருந்தா அதுபாட்டுக்குப் போயிரும்."

பனிக்குள்ளிருந்து நிலா வருகிறாள், கேமராவை நெஞ்சோடு அணைத்தபடி.

"நீ கூப்பிட்டது கேட்டுச்சும்மா. பேசாமத்தான் இருந்தேன். ரெண்டாவது தடவை உன் குரலே சரியில்ல, அதான் ஷாட்ட நிறுத்திட்டேன்," என்கிறாள். "நாலு நிமிஷம்தான்மா ஓடியிருக்கு."