பறவைத் தொட்டியில் சிவப்பு

ஹோலி முடிந்த வாரம், மகளின் பிரசவத்துக்காகத் தஞ்சாவூர் போயிருந்த வீட்டுக்கார மாமி டெல்லி கரோல்பாக் திரும்பினார். மறுநாள் காலையிலேயே, முதல் மாடியில் குடியிருந்த என்னை மொட்டைமாடிக்கு அழைத்துப் போனார். புறாக்களுக்காக அவர் வைத்திருந்த கல்தொட்டி வறண்டு கிடந்தது. அடியில் ரத்தச் சிவப்பாக ஒரு படிவு.

"வாயில்லா ஜீவன் குடிக்கற தண்ணியில ஹோலிப் பொடியைக் கொட்டியிருக்கான், டீச்சர். இந்த மாசத்தோட ரூமைக் காலி பண்ணட்டும்."

அவன் என்றது மொட்டைமாடி அறையில் வாடகைக்கு இருந்த மதுரை இளைஞரை. நொய்டாவில் கம்ப்யூட்டர் வேலை.

"சத்தியமா நான் இல்ல, மாமி" என்றார் அவர். பின்னால் கொடியில் அவருடைய சட்டை சிவப்புக் கறையோடு தொங்கிக்கொண்டிருந்தது.

படிவில் கொஞ்சம் சுரண்டி எடுத்துப்போய், நான் உயிரியல் கற்பிக்கும் பள்ளியின் மைக்ராஸ்கோப்பில் வைத்துப் பார்த்தேன். பொடி இல்லை, உருண்டை உருண்டையாகச் சிவந்த செல்கள். ஹெமட்டோகாக்கஸ். நன்னீரில் வாழும் பச்சைப்பாசி. தண்ணீர் வற்றி வெயில் ஏறினால் தடித்த உறைக்குள் ஒடுங்கிச் சிவந்துவிடும். தண்ணீர் கிடைத்தால் மறுபடி பச்சையாகும்.

மாலையில் மாமியிடம் சொன்னேன்.

"பச்சைப்பாசி சிவப்பா இருக்குமா? இதெல்லாம் ஸ்கூல் கொழந்தைகள்கிட்ட சொல்லுங்கோ."

"தண்ணி ஊத்திப் பாப்போம். பொடின்னா உடனே கரையும். பாசின்னா சில நாள்ல பச்சையாகும். அதுவரைக்கும் அவரை விட்டுடுங்கோ."

ஊற்றினேன். தண்ணீர் தெளிவாகவே நின்றது.

"கரையலையே!" என்றார் இளைஞர்.

"நீ சும்மா இரு. பச்சையாகட்டும், பாக்கலாம்."

அடுத்த சில நாள் ஒன்றும் நடக்கவில்லை. இளைஞர் வேறு அறை விசாரிக்கத் தொடங்கிவிட்டார். எனக்குச் சந்தேகமே இல்லை. "முன்பணம் எதுவும் கொடுத்துடாதீங்க" என்று மட்டும் அவரிடம் சொன்னேன். வார இறுதியில் தண்ணீரில் இளம்பச்சை தெளிவாகத் தெரிந்தது.

மாமி குனிந்து வெகுநேரம் பார்த்தார்.

"தண்ணி வத்தினாத்தான் சிவக்கும்னேள், இல்லையா டீச்சர்?"

"ஆமாம்."

அவர் இளைஞர் பக்கம் திரும்பினார். "அப்போ வத்த விட்டது யாரு? தினம் ஊத்தறேன்னு சொல்லித்தானே என்னை ரயிலேத்தினே?"

இளைஞர் என்னைப் பார்த்தார்.

"ஆபீஸ்ல ஷிப்ட் மாறிடுச்சு, மாமி..."

"புறாவுக்கு ஷிப்ட் தெரியுமா?"

அறை தப்பியது. மறுநாள் முதல் தினமும் காலையில் மேலே வாளிச் சத்தம் கேட்டது. அவர் குடியிருந்தவரை அந்தத் தொட்டி சிவக்கவே இல்லை.