அக்காவின் பஞ்சுத் தலையணை

உடன்பிறந்த தம்பியின் பையையே கொட்டிப் பார்த்தவள் என் அக்கா. அவள் போய்ச் சேர்ந்த பிறகும் அந்த ஆத்திரம் எனக்கு ஆறவில்லை.

நகர அருங்காட்சியகத்தில் அவள் வாசல் காவல். நான் தச்சன், கண்ணாடிப் பெட்டிகளின் சட்டமும் கீலும் என் பொறுப்பு. சாயங்காலம் கிளம்பும்போது உளி, இழைப்புளி, சாப்பாட்டு டப்பா எல்லாவற்றையும் மேசையில் பரப்பச் சொல்வாள்.

"ஏன்க்கா, சிம்மாசனத்தையா டப்பாவுல வச்சுத் தூக்கிட்டுப் போறேன்?"

"வாய மூடிட்டு டப்பாவத் திற. தம்பின்னா தனிச் சட்டமா?"

அதிகாரியின் காரையும் திறக்க வைப்பாள். வீட்டிலும் அப்படித்தான். மாமா கொஞ்சம் பிந்தி வந்தால் சட்டையை முகர்ந்து பார்ப்பாள். அவர் செத்த அன்று டாக்டரையே, "நல்லாப் பாத்தீங்களா?" என்று இரண்டு தடவை கேட்டாள்.

ஒருமுறை நகைப் பெட்டியைத் திறந்து துடைத்தார்கள். நான் கீலுக்கு எண்ணெய் விட்டேன். மறுநாள் உள்ளே இருந்த ராணி மோதிரத்தைக் காணவில்லை. அதிகாரி விசாரித்தபோது அக்கா என்னைக் கைகாட்டினாள்.

"இவன்தான் சார் பக்கத்துல நின்னான்."

வேலை போனது. தெருவில் திருடன் என்று பேர். என் பெண்டாட்டியே என் மரப்பெட்டியைத் துழாவியதைப் பார்த்தேன். அக்கா வீட்டு வாசலை நான் மிதிக்கவில்லை.

மழைக்காலம் முடிந்து ஒரு காலையில், பிரித்த தலையணையோடு அவளே வந்து நின்றாள். அருங்காட்சியகத்தில் பெட்டிகளைத் துடைக்கும்போது உள்ளிருக்கும் சாமான்களைப் பஞ்சின்மேல் எடுத்து வைப்பது வழக்கம். அழுக்கான பஞ்சை அக்கா தலையணைக்குள் அடைக்க வீட்டுக்குக் கொண்டுபோவாள். அதை உதறிப் பார்க்க யாருக்கும் தோன்றவில்லை. அவள் பையைச் சோதிக்க வாசலில் ஆளும் கிடையாது.

"கழுத்துல ஏதோ குத்துச்சுடா." கையை விரித்தாள். மோதிரம்.

"இத்தன மாசமா குத்தலியா?"

"பழைய பஞ்சுக்கு அடியில கிடந்திருக்கு. நம்பினா நம்பு."

நான் நம்பவில்லை. அவளோ நேரே போய் அதிகாரியிடம் எல்லார் முன்னாலும் சொன்னாள். எனக்கு வேலை திரும்பியது, அவளுக்குப் போனது. அதற்கப்புறம்தான் கொஞ்சம் நம்பினேன்.

கடைசியில் ஆஸ்பத்திரிக் கட்டிலில் கிடந்தவள், நர்ஸ் போகும்வரை பொறுத்திருந்து என் காதை இழுத்தாள்.

"வீட்டுல இன்னும் ரெண்டு தலையணை கிடக்குடா. தையலப் பிரிச்சு நல்லாப் பாரு. வேற யார்கிட்டயும் விடாத, நீயே பாரு."