ஒட்டகப் பார் எங்கே இருக்கிறது

மூதூர்க் கரையில் சப்ரினாவைத் தெரியாத ஆள் இல்லை. போன வருடம் முழுக்க அவள் குடையைப் பிடித்துக்கொண்டு, வலை பொத்துகிறவர்களுக்கு முன்னால் போய் நின்று, "இந்த இடத்துத் தண்ணிக்கு என்ன பேர்? ஆரு வெச்ச பேர்? ஏன் வெச்சாங்க?" என்று கேட்டுக் கேட்டு அவர்களின் உயிரை வாங்கினாள். கடைசியில் அவர்கள் அவளுக்கே ஒரு பேர் வைத்துவிட்டார்கள். தண்ணிப் பேர்ப் புள்ள.

அவளுக்கு அந்த வேலை கிடைத்ததே பெரிய காரியம். உயர்தரப் பரீட்சையில் புவியியலுக்கு ஏ எடுத்தும் இசட் புள்ளி போதாமல் பல்கலைக்கழகம் போக முடியாமற் போனவள். வாப்பா நெஞ்சுவலியில் மௌத்தான அன்றிலிருந்து வீட்டைத் தாங்கியது அவள் காக்கா என்று கூப்பிடும் அண்ணன் அப்ராஸ்தான். அவன் பள்ளிக்கூடத்தைப் பாதியில் விட்டுவிட்டுக் கடலுக்குப் போனான்; தங்கச்சியை மட்டும் விடாமல் டியூசனுக்கு அனுப்பினான். துணிக்கடையில் சல்வார் மடித்துக்கொண்டிருந்த அவளைத்தான், திருகோணமலை மாவட்டத்தின் நீர்ப்பெயர்களைச் சேர்க்க வந்த ஆய்வுக் குழு கரையோர வேலைக்கு எடுத்தது. குழுவுக்குப் பொறுப்பாக இருந்தவர் அன்புவழிபுரத்துக் கீர்த்தனி மிஸ்.

அந்த வேலையில் சப்ரினா மூழ்கிப்போனாள். ஒரே மகாவலி ஆறு பிரிந்து போய் வெருகலாறு என்று இன்னொரு பேரில் கடலைச் சேர்வதும், உல்லைக்கழிக் களப்பின் ஒரு கரையில் சொல்லும் பேர் எதிர்க்கரைக்காரருக்குத் தெரியாமல் இருப்பதும் அவளுக்கு அதிசயமாக இருந்தன. போரில் இடம்பெயர்ந்து கந்தளாயில் கிடந்த சின்ன வயதில், தண்ணீர் அள்ளப்போன ஒவ்வொரு வாய்க்காலுக்கும் அவளே பேர் வைத்திருந்தாள். இப்போது அதற்குச் சம்பளமும் தந்தார்கள்.

கடலின் பேர்கள்தான் கடினம். கடலுக்கு அடியில் மீன் தங்கும் கற்பாறைகளைப் பார் என்பார்கள். ஒவ்வொரு பாருக்கும் ஒரு பேர் இருக்கிறது. கரையில் நின்று பார்த்தால் வெறும் தண்ணீர்தான். ஆட்கள் கையை நீட்டிக் காட்டுவார்கள். அவள் திசையையும் தூரத்தையும் குறித்துக்கொள்வாள்.

ஒரு நாள் அப்ராஸிடமே கேட்டாள். "காக்கா, ஒட்டகப் பார் எங்க இரிக்கி?"

"ஒட்டகப் பாரா?" என்று அவன் தன் கூட்டாளி முனாஸைப் பார்த்தான். பிறகு வடக்கே, திருகோணமலைத் துறைமுக வாய்க்கு வெளியே கையை நீட்டினான். "அந்தா, கோணேசர் மலைக்கு அங்கால. எஞ்சினைத் தட்டினா ஒரு மணித்தியாலம்."

"ஏன் ஒட்டகம்?"

"ரெண்டு திமில் இரிக்கி. ஏறி இருந்து பாத்தியா எண்டு கேக்காத புள்ள. வாப்பா இருந்திருந்தா அவருட்ட கேட்டுப் பாத்திருக்கலாம்."

முனாஸ் விழுந்து விழுந்து சிரித்தான். பக்கத்தில் எஞ்சின் கழுவிக்கொண்டிருந்த ஸஹாப்தீன் மாமாவும் சிரித்தார். தன் கேள்வியைத்தான் பகிடி பண்ணுகிறார்கள் என்று நினைத்து, சப்ரினாவும் சிரித்துவிட்டு வந்தாள். வருடக் கடைசியில் அழகான வர்ண வரைபடம் ஒன்று அச்சாகி வந்தது. மீனவர் சங்கக் கட்டடத்துச் சுவரில் ஒன்றைத் தொங்கவிட்டார்கள். கீழே சின்ன எழுத்தில் அவள் பேரும் இருந்தது. அப்ராஸ் அதைப் போனில் படம் பிடித்துக் கட்டாரிலிருந்த கூட்டாளிமாருக்கெல்லாம் அனுப்பினான்.

இந்த வருடம் வாடைக்காற்று முந்திக்கொண்டு தொடங்கியது. கடல் ஒரு நாள் அடங்கினது போலிருந்தது. அன்று பின்னேரம் அப்ராஸும் முனாஸும் போட்டை இறக்கினார்கள். விடிந்து வரவேண்டியவர்கள் வரவில்லை. வெயில் ஏறியபோது காற்று மறுபடியும் உரத்துப் பிடித்தது.

அப்ராஸின் மனைவி சனூஸா முந்தானையை இழுத்துப் போர்த்திக்கொண்டு, கரையில் நின்ற சப்ரினாவிடம் ஓடி வந்தாள். "மச்சி, போன் அடிக்குதில்ல. ராத்திரிக்கு ஒருக்கா எடுத்தவர், பொறகு இல்ல."

"எங்க போறன் எண்டு சொன்னவர்?"

"ஒட்டகப் பாருக்கு. எனக்கிட்ட மட்டும்தான் சொல்லுவார். வேற ஆருக்கும் சொல்ல மாட்டார்."

கடற்படை அதிகாரி ஒருவர் சங்கத்துக்கு வந்திருந்தார். மீனவர்கள் எல்லாரும் கரையில் நின்றார்கள். நல்ல தமிழ் கதைத்தார். காணாமற்போனவர்கள் எங்கே போனார்கள் என்று கேட்டார். சப்ரினா சுவரிலிருந்த வரைபடத்தின் முன்னால் போய் நின்று, ஒட்டகப் பார் என்ற எழுத்தின் மேல் விரலை வைத்தாள். அதிகாரி அந்த இடத்தின் ஜீபிஎஸ் இலக்கங்களை எடுத்துக்கொண்டு, "இப்படி ஒரு மெப் இருக்கிறது நல்லது தங்கச்சி, நேரே போகலாம்" என்றார். அந்தச் சொல் அவளுக்குக் கொஞ்சம் மூச்சுவிட இடம் தந்தது.

நேவிப் போட் ஒட்டகப் பாருக்குப் போய்விட்டது என்ற கதை கரை முழுக்கப் பரவியது. சின்னப் போட்டில் அந்தக் கடலுக்குள் இறங்குவதா என்று தவித்துக்கொண்டிருந்தவர்கள் அதைக் கேட்டு அடங்கினார்கள். நேவி சரியான இடத்துக்குத்தானே போகிறது, நாங்கள் ஏன் செத்துத் தொலைய வேண்டும் என்று ஒருவரையொருவர் பார்த்துக்கொண்டார்கள். சனூஸா மணலில் இருந்து ஓதத் தொடங்கினாள்.

மதியம் லுஹர் தொழுகை முடிந்து ஸஹாப்தீன் மாமா பள்ளியிலிருந்து வந்தார். கையைப் புருவத்தில் வைத்துக் கடலைப் பார்த்தார்.

"அந்த நேவிப் போட் ஏன் வடக்கால நிண்டு சுத்துது?"

"காக்காவைத்தான் தேடுது மாமா. ஒட்டகப் பார்ல."

அவர் கையை இறக்கவில்லை. "ஒட்டகப் பார்லயா?"

"ஓம். நான்தான் மெப்ல காட்டினன்."

அவர் முகம் போன போக்கைச் சப்ரினா பார்த்தாள்.

"மாமா, என்ன?"

"புள்ள..." அவர் சுற்றி நின்றவர்களைப் பார்த்தார். "பாருட பேரைக் கேட்டாச் சொல்லுவம் மகள். இடத்தைக் கேட்டா, அது இரிக்கிற திக்குக்கு மறுதிக்கைத்தான் காட்டுவம். கரையில நிண்டு சரியான இடத்தைக் காட்டினா மீன் பாரை விட்டுப் போயிரும். எங்கட வாப்பாமாரும் அப்படித்தான். உனக்கு எண்டு இல்ல, ஆர் கேட்டாலும் அப்படித்தான் காட்டியிருப்பம்."

"அப்ப, ஒட்டகப் பார்?"

"சம்பூருக்கும் அங்கால புள்ள. தெற்க. ஈச்சிலம்பற்றுக்கு நேரே வெளியில."

வடக்கே தேடிக்கொண்டிருந்தார்கள். அவன் தெற்கே கிடந்தான். சனூஸா ஓதுவதை நிறுத்திவிட்டு எழுந்து வந்து, ஸஹாப்தீனின் சாரத்தைப் பிடித்துக்கொண்டாள். "உங்கட ஜீபிஎஸ்ல அந்த இடம் இருக்கும். குடுங்க. இப்ப குடுங்க."

அவர் ஒரு கணம் தயங்கியதைச் சப்ரினா கண்டாள். அந்த இலக்கங்கள் நேவியின் கையில் போனால் முழுத் துறைமுகத்துக்கும் போனது போலத்தான். அவர் குடும்பமும் இன்னும் நாலைந்து குடும்பமும் அந்தப் பாரை நம்பித்தான் சோறு தின்கின்றன. அப்புறம் அவர் வீட்டுக்கு ஓடினார். வயதான மனிதர் சாரத்தைத் தூக்கிக்கொண்டு ஓடியதைப் பார்த்து, இரண்டு இளைஞர்கள் அவருடைய போட்டைத் தண்ணீருக்குத் தள்ளினார்கள்.

அவர் கொண்டுவந்த ஜீபிஎஸ்ஸைப் பார்த்து, சப்ரினா அதிகாரிக்குப் போன் எடுத்து இலக்கங்களை வாசித்தாள். அவர் திருப்பிக் கேட்டார், அவள் திருப்பி வாசித்தாள். "தங்கச்சி, நீங்க முதல்ல தந்தது வேற இடமே?" என்றார். "ஓம் சேர். நான் தந்தது பிழை."

ஸஹாப்தீனின் போட் நேவிப் போட்டுக்கு முந்திப் போய்ச் சேர்ந்தது. பொழுது சாயப் போகும் நேரத்தில் திரும்பி வந்தது. அதில் முனாஸ் கிடந்தான். உதடு வெடித்து, தோல் உப்பில் வெளிறிப்போயிருந்தது. அப்ராஸ் அதில் இல்லை.

முனாஸ் தண்ணீர் குடித்துவிட்டுச் சப்ரினாவைக் கண்டதும் முகத்தைத் திருப்பிக்கொண்டான். அவள் விடவில்லை. மணலில் முழங்காலில் இருந்தாள்.

"சொல்லு. எங்க அவர்?"

"விடியக்குள்ள போட் கவுண்டுட்டு. ரெண்டு பேரும் மேல ஏறி இருந்தம். கரை தெரியுது, ஆள் தெரியாது. தூரத்துல ஒரு நேவிப் போட் வடக்கால போறதைக் கண்டம். அப்ராஸ் சேர்ட்டைக் கழட்டி வீசிக் காட்டினான். அது திரும்பல்ல." அவன் இருமினான். "அப்பதான் அவன் சொன்னான், டே, என்ட தங்கச்சி மெப்பைக் காட்டியிருப்பாள்டா. நான் காட்டின இடத்துலதான் எங்களைத் தேடுறாங்க. இஞ்ச ஒருத்தனும் வர மாட்டான் எண்டு."

"பொறகு?"

"பெற்றோல் கேனை வெறுமையாக்கி நெஞ்சுல கட்டிக்கிட்டான். நான் நீந்திப் போய் ஆள் கூட்டி வாறன், நீ விடாமப் பிடிச்சுக்கிட்டு இரி எண்டான். நான் மறிச்சன் புள்ள. அல்லா மேல ஆணையா மறிச்சன். அவன் போயிட்டான்."

சனூஸாவின் ஓலம் கரையை அறுத்துக்கொண்டு போனது. சப்ரினா அழவில்லை. எந்தப் பக்கம் நீந்தினான், நீரோட்டம் எந்தப் பக்கம் இழுத்தது, எவ்வளவு நேரம் தலை தெரிந்தது என்று கேட்டாள். முனாஸ் ஒவ்வொன்றுக்கும் பதில் சொன்னான். இந்த முறை ஒருவரும் சிரிக்கவில்லை.

அதற்குப் பிறகு கரை முழுக்கத் திரண்டு தேடியது. ஈச்சிலம்பற்று மீன்பிடிகாரர் தங்கள் வள்ளங்களோடு இறங்கினார்கள். வெருகல் முகத்துவாரம் வரை கரையோரம் நடந்து பார்த்தார்கள். ஒரு பெற்றோல் கேன் கிடைத்தது. அது அவனுடையது என்று முனாஸால் சத்தியம் பண்ண முடியவில்லை, இல்லை என்றும் சொல்ல முடியவில்லை.

கீர்த்தனி மிஸ் பஸ் ஏறி வீட்டுக்கு வந்தார். பிளாஸ்ரிக் கதிரையின் நுனியில் இருந்துகொண்டு, "உங்களில பிழை இல்ல சப்ரினா, நாங்களெல்லாம் சேந்துதான் சரிபாத்திருக்க வேணும்" என்றார். சப்ரினா தேத்தண்ணி கொடுத்தாள். மற்றப் பார்களையும் கடலில் போய்ப் பார்த்து வரைபடத்தைத் திருத்தலாமா என்று மிஸ் மெதுவாகக் கேட்டபோது, அவள் கோப்பையை எடுத்துக்கொண்டு குசினிக்குள் போய்விட்டாள். மிஸ் கொஞ்ச நேரம் காத்திருந்துவிட்டுப் போனார்.

தேடுதல் நின்றது. நின்றதென்று ஒருவரும் சொல்லவில்லை. ஒரு நாள் இரண்டு போட் போனது, அடுத்த நாள் ஒன்று, பிறகு எல்லாரும் மீனுக்குப் போனார்கள். அடக்க ஒரு ஜனாஸா இல்லாதபடியால் சனூஸா என்ன செய்வதென்று தெரியாமல் இருந்தாள். புருசன் மௌத்தானவள் போல இத்தா இருக்கச் சொல்லி ஒரு சொந்தக்காரி வந்தபோது, சப்ரினா அவளைப் படலைக்கு வெளியே விட்டுப் படலையைச் சாத்தினாள்.

வாடை தணிந்திருந்த ஒரு காலையில் சப்ரினா பாண் வாங்கப் போனாள். தேத்தண்ணிக் கடை வாசலில் ஓர் இளைஞன் போனில் கதைத்துக்கொண்டிருந்தான்.

"ஓம் மச்சான், இண்டைக்கு அப்ராஸ்ட பாருக்குத்தான். நீ ஐஸ் எடுத்து வா."

அவள் நின்றாள். ஒரு வருடமாக எத்தனையோ பேர்களுக்குப் பின்னால் அலைந்தவள். ஒரு பேர் பிறப்பதை அவள் ஒருநாளும் கண்டதில்லை. கடலிலிருந்து திரும்பி வர மாட்டான் என்று ஊர் முடிவெடுத்துவிட்டால்தான் ஒரு ஆளின் பேர் தண்ணீரில் ஒட்டும். அது அவளுக்குத் தெரியும்.

"என்ன பேர் சொன்ன நீ?"

அவன் போனை இறக்கினான். "ராத்தா... இல்ல, சும்மா..."

"ஆரு வெச்ச பேர் அது?"

"எல்லாரும் இப்ப அப்படித்தான் ராத்தா சொல்றாங்க."

"எல்லாரும் எண்டா ஆரு? எப்ப தொடக்கம்?"

அவன் தலை குனிந்தான். கடைக்குள்ளிருந்தவர்கள் தேத்தண்ணிக் கோப்பையைப் பார்த்துக்கொண்டிருந்தார்கள்.

"அதுக்குப் பேர் ஒட்டகப் பார். வேற பேர் இல்ல. என்ட காக்கா வருவார். எங்கயாவது கரை ஏறியிருப்பார். வந்து, என்ட பேரை என்னத்துக்கடா அங்க போட்டீங்க எண்டு கேட்டா என்ன சொல்லுவீங்க? சொல்லு. அதுக்குப் பேர் என்ன?"

"ஒட்டகப் பார் ராத்தா."

"நீங்க சொல்லுங்க," என்று அடுத்த ஆளைப் பார்த்தாள்.

"ஒட்டகப் பார் புள்ள."

மூன்றாவது ஆள் கண்ணைத் துடைத்துக்கொண்டு சொன்னான். கடைக்காரரும் சொன்னார். சப்ரினா கேட்டு முடித்துவிட்டு வீட்டுக்குப் போகவில்லை. போட்டுகள் இறங்கிக்கொண்டிருந்த கரையை நோக்கி, மிச்சமுள்ளவர்களிடம் கேட்க வேகமாக நடந்தாள்.