வெறுங்கையோடு ஓர் அழைப்பு

யார் வீட்டுக்குள் நுழைந்தாலும் ஸ்டைனார் முதலில் தேடுவது பிளாஸ்டிக்கைத்தான். சிவப்பு வாளியைக் கதவுக்குப் பின்னால் தள்ளுவான். சார்ஜரைப் பிடுங்குவான். ஃபிரிட்ஜைக் கம்பளியால் மூடுவான். பிறகுதான் கேமராவை எடுப்பான். நார்வேயின் பழைய பண்ணை வாழ்க்கையைப் படம் பிடிக்கிறானாம். “அப்ப நாங்க என்ன செத்தா போயிட்டோம்?” என்று ஒருநாள் கேட்டேன். காதில் விழாதவன்போல லென்ஸைத் துடைத்தான்.

தனியாள். தூக்கம் பழைய வேனில், சாப்பாடு டப்பா மீனும் காய்ந்த ரொட்டியும். புல் உலர்த்தும் நாளில் மட்டும் கேமராவை ஓரமாக வைத்துவிட்டு எங்களோடு வியர்க்க வியர்க்கப் புல் அள்ளுவான். அதனால் அவனைப் பிடிக்கும். என் பக்கத்துப் பண்ணைக்காரி குன்வோர் தன் வீட்டு ஆட்களுக்கான விளிம்பு உடைந்த குவளையில்தான் அவனுக்கும் காபி கொடுப்பாள்.

அவனிடம் ஒரு கெட்ட பழக்கம்: “இன்னொரு தடவை.”

முழங்கால் போனதால் குன்வோர் தன் மாடுகளை எனக்கு விற்றிருந்தாள். அது அவனுக்கும் தெரியும். இருந்தும் போன ஜூனில், புல்வெளியில் நின்று மாடுகளைக் கூவி அழைக்கச் சொல்லி அவளை நச்சரித்தான்.

“மாடே இல்லாம யாரைப்பா கூப்பிட?”

“சத்தம் மட்டும் போதும்க்கா.”

கூவினாள். மேட்டுக்கு அந்தப் பக்கம் மேய்ந்த என் மாடுகளுக்கு எட்டவில்லை. “இன்னொரு தடவைக்கா” என்றான். மறுபடி கூவினாள். மந்தையே மேடேறி ஓடிவந்தது. கிழட்டுப் பசு டாக்ரோஸ் வேலிக்கு மேல் கழுத்தை நீட்டி அவள் கையை முகர்ந்தது. கூப்பிட்டால் ஒரு பிடி உப்பு உண்டு என்பது அதற்குப் பழக்கம்.

குன்வோர் தன் உள்ளங்கையைப் பார்த்தாள். “ஒண்ணுமில்லடி. உன்னை ஏமாத்திட்டேன்.”

ஸ்டைனார் கேமராவை நிறுத்தவில்லை. பார்த்துக்கொண்டிருந்த எனக்கு அவனை ஓங்கி உதைக்கலாம் போலிருந்தது.

அவள் திட்டவில்லை. மறுநாள் தங்க விளிம்புக் கோப்பையில், சாசரோடு காபி வைத்தாள். பாதிரியாருக்கும் பேங்க்காரருக்கும் எடுக்கிற கோப்பை அது. காது சிவக்கக் குடித்துவிட்டுப் போனான்.

இந்த வசந்தத்தில் ஊர்க்கூடத்தில் படம் போட்டான். அந்தக் காட்சி இல்லை. “நான் எடுத்ததுலயே நல்ல ஷாட் அதுதான். அழிச்சுட்டேன். அவங்க முகத்தைப் பாக்க வெக்கமா இருக்கு” என்றான் என் சட்டைப் பொத்தானைப் பார்த்தபடி. குன்வோர் வீட்டிலோ அவனுக்கு இன்னும் அதே தங்க விளிம்புக் கோப்பைதான்.

போன ஞாயிற்றுக்கிழமை கேமரா இல்லாமல் வந்தான். அவள் வாசலில் நின்று மூடிய கையைத் திறந்தான். வியர்வையில் நனைந்த உப்பு. அவள் அதைத் தன் கையில் வாங்கிக்கொண்டு, தடியூன்றி வேலிக்கு நடந்தாள். அவனும் பின்னாலேயே போனான்.

அவள் கூவினாள். மேட்டின் மேல் மாடுகள் தெரிந்தன. ஸ்டைனார் வேலிக்கு முதுகைக் காட்டித் திரும்பி, சாலையைப் பார்த்து நின்றான்.