மில்லுக்குள் எடுத்த ஊமைப்படம்

டாக்குமெண்டரி வேலையில் காமிரா தூக்குகிறவருக்குத் தோள்வலி. கூட நின்று பேச்சை மொழிபெயர்த்துச் சொல்கிறவளுக்குக் கண்ணெல்லாம் கடிகாரத்தில். கைப்பிள்ளையை விட்டுவிட்டு வேலைக்குப் போகிற தாய்மார்களுக்கு நான் விளக்க வேண்டியதில்லை. காரைக்குடிப் பக்கத்து நூல் மில்லைப் படமெடுக்க ஒரு பம்பாய் டைரக்டர் வந்தார். கான்வென்ட் இங்கிலீஷை நம்பி என்னைச் சேர்த்துக்கொண்டார். தமிழ் வர்ணனையும் என் பொறுப்பு. பிள்ளை தூங்குகிற நேரத்தில் இதை எழுதுகிறேன்.

தீபாவளிச் சேலை

அன்றாட வேலையை உள்ளபடி எடுக்க வேண்டும் என்றார் டைரக்டர். மறுநாள் காலை நூல் சுற்றும் பெண்கள் அத்தனை பேரும் தீபாவளிச் சேலையில் வந்து நின்றார்கள், தலை நிறையப் பூவோடு. சரிகை முந்தானைகள் மிஷினுக்குப் பக்கத்தில் ஆடின. மேஸ்திரி ஒரு சத்தம் போட்டார். எல்லா முந்தானைகளும் இடுப்புக்குப் போயின. பழைய சேலையில் வரக்கூடாதா என்று அவர்களில் ஒருத்தியான கோட்டையூர் பஞ்சவர்ணத்திடம் கேட்டேன். இங்கிலீஷ் பேசினால் அவர்களுக்கு டீச்சர்தான். "ஊரே பார்க்கப் போற படத்துல எங்களைக் கிழிசலோட நிக்கச் சொல்றீக. நீங்க மட்டும் மடிப்புக் கலையாம வந்திருக்கீகளே, டீச்சரம்மா," என்றாள்.

உதட்டுப் பேச்சு

மிஷின் ஓடும்போது காதருகே கத்தினாலும் கேட்காது. அதனால் உதட்டை மட்டும் அசைத்துப் பேசுவார்கள். எதிர்வரிசையில் நிற்பவள் பார்த்தே புரிந்துகொள்வாள். எங்கள் காமிராவிலும் சத்தம் பதியாது. பஞ்சவர்ணம் எதிரே நின்ற தோழியிடம் ஏதோ சொல்லிச் சிரித்தாள். டைரக்டர் அந்த முகத்தை நெருக்கத்தில் எடுத்துக்கொண்டார்.

சாப்பாட்டு மணி அடித்ததும் அவள் என்னைக் குழாயடிக்கு இழுத்துப்போனாள். முகம் வெளுத்திருந்தது. "நான் முழுகாம இருக்கேன்னு அவகிட்டச் சொன்னதையில்ல பிடிச்சுட்டாக. மேஸ்திரியும் மிஷின்ல நின்ன ஆளு, பார்த்தாப் படிச்சிருவாரு. வயித்துல பிள்ளைன்னு தெரிஞ்சா மறுநாளே நிப்பாட்டிருவாக, டீச்சரம்மா."

வெள்ளைத் துணி

கழுவிய படம் மெட்ராஸிலிருந்து வந்தது. அந்த இடத்தை மட்டும் வெட்டச் சொல்லி டைரக்டரிடம் கெஞ்சினேன். காரணத்தைச் சொல்லப் பயம். மில் மானேஜரோடு ஒரே மேஜையில் சாப்பிடுகிறவர் அவர். அந்தச் சிரிப்பு இல்லாமல் படமே இல்லை என்றுவிட்டார்.

சாயங்காலம் கேன்டீனில் வெள்ளைத் துணி கட்டி எல்லோருக்கும் போட்டுக் காட்டினார்கள். முன்வரிசையில் மானேஜர், பக்கத்தில் மேஸ்திரி. விட்டுவர ஆளில்லாததால் பிள்ளை என் மடியில். பஞ்சவர்ணத்தின் முகம் வந்த உடனே, அழுகிறது என்ற சாக்கில் பிள்ளையைத் தூக்கிக்கொண்டு ஒளிக்குக் குறுக்கே எழுந்தேன். துணி முழுக்க என் கொண்டையும் பிள்ளையின் காலும். "உட்காருங்கம்மா," என்றார் மானேஜர். "அந்த இடத்தைத் திரும்பப் போடுங்க."

சும்மா இருந்திருந்தால் கண்மூடித் திறப்பதற்குள் போயிருக்கும். இப்போது மறைக்க ஆளில்லாமல் அவள் உதடு ஆள் உயரத்துக்கு அசைந்தது. நான் இறுக்கிய இறுக்கில் பிள்ளை நிஜமாகவே அழுதது. "அந்தப் பொண்ணு என்னய்யா சொல்லுது?" என்று மேஸ்திரியைக் கேட்டார் மானேஜர். மேஸ்திரி திரையைப் பார்த்தார். திரும்பிப் பஞ்சவர்ணத்தைப் பார்த்தார். "மத்தியானத்துக்கு என்ன குழம்புன்னு கேக்குது, சார்."

படத்தில் வர்ணனை என்று என் பெயரைத்தான் போட்டார்கள். அதற்கு வாய்த்த ஒரே நல்ல வரியைச் சொன்னவர் மேஸ்திரி.