வலதுக்கு ஒன்று, இடதுக்கு இரண்டு

என் மணிக்கட்டில் ஒருவர் காலை வைத்து நீவியது நாவலூர் அலுவலகத்தின் சாப்பாட்டு அறையில். நாள் முழுக்க மவுஸைப் பிடித்துப் பிடித்து வலது கை வீங்கியிருந்தது. பக்கத்து இருக்கை அக்கா செருப்பைக் கழற்றிவிட்டு, "கையைத் தரையில வை தம்பி, இன்னா வெக்கம்?" என்றார். அவர் தாய் வயிற்றிலிருந்து கால் முதலில் வந்து பிறந்தவராம். அப்படிப் பிறந்தவர் காலால் நீவினால் சுளுக்கு விட்டுவிடும் என்று செய்யூர்ப் பக்கம் அவர் தெருவே தேடி வருமாம். பெருவிரலால் மூன்று முறை லேசாக நீவினார். வலி போனதா என்று எனக்குத் தெரியவில்லை. போய்விட்டது என்று சொன்னேன்.

வேடிக்கை என்னவென்றால், எங்கள் பிழைப்பே சுளுக்குதான். அமெரிக்காவில் யாராவது வழுக்கி விழுவார்கள். அங்கே மருத்துவர் எழுதும் குறிப்பைப் படித்து, காப்பீட்டுக்காக அந்த நோய்க்குரிய குறியீட்டை இங்கே உட்கார்ந்து நாங்கள் போடுவோம். மெடிக்கல் கோடிங் என்பார்கள். மணிக்கட்டுச் சுளுக்கில் எண்களின் கடைசியில் வலதுக்கு ஒன்று, இடதுக்கு இரண்டு. எந்தக் கை என்று மருத்துவர் எழுதாமல் விட்டால் ஒன்பது. நாமாக எதையும் யூகிக்கக் கூடாது. அக்கா இதில் கெட்டி. நான் வேலைக்குச் சேர்ந்த புதிதில் ஒன்பது ஒன்பதாகப் போட்டுத் தள்ளியபோது, "டாக்டர் எழுதிகீறாருடா, நீதான் படிக்கல" என்று எல்லார் முன்னாலும் கிண்டலடித்தார்.

பிறகு என்னைத் தணிக்கைப் பிரிவுக்கு மாற்றினார்கள். மற்றவர்கள் போட்ட குறியீட்டில் தப்புக் கண்டுபிடிப்பது என் வேலையாயிற்று. அந்த வருடம்தான் சிறுசேரி நிறுத்தத்தில் பஸ்ஸிலிருந்து இறங்கும்போது அக்கா விழுந்தார். வலது மணிக்கட்டு. அவருக்கு நீவிவிட அலுவலகத்தில் கால் முன்னே பிறந்தவர் வேறு யாருமில்லை. கட்டுப் போட்டுக்கொண்டு இடது கையால் மவுஸைப் பிடித்து வேலை பார்த்தார். தப்புகள் கூடின. எல்லாம் நிஜமான தப்புகள்தான், நான்தான் குறித்தேன். மேலாளர் அவரைக் கூப்பிட்டு, இந்த மாதம் இன்னொரு தப்பு வந்தால் வேலை கிடையாது என்று சொல்லிவிட்டார். கணவர் படுத்த படுக்கை. வீட்டில் சம்பாதிப்பவர் அக்கா ஒருவர்தான்.

காபி எந்திரத்தருகே என்னிடம் வந்தார். சலுகை கேட்கப் போகிறார் என்று நினைத்து மூஞ்சியை இறுக்கிக்கொண்டேன். "தப்பு இருந்தா போடு தம்பி. முழுசா படிச்சுட்டுப் போடு, அது போதும்" என்றார். தலையாட்டினேன்.

மாதக் கடைசியில் அந்தக் கோப்பு வந்தது. மணிக்கட்டுச் சுளுக்கு, அக்கா இரண்டு போட்டிருந்தார். குறிப்பின் மூன்றாவது வரியில் 'வலது கை' என்று இருந்தது. எனக்கு அன்று இன்னும் நிறையக் கோப்புகள் பாக்கி. இரண்டை ஒன்றாகத் திருத்தித் தப்பு என்று குறித்தேன். மறுத்து எழுத இரண்டு நாள் அவகாசம் உண்டு. அக்கா திரையைப் பார்த்தார். பிறகு தன் கையிலிருந்த கட்டை வெகுநேரம் பார்த்துக்கொண்டிருந்தார். மறுத்து எழுதவில்லை. வெள்ளிக்கிழமை அடையாள அட்டையைக் கொடுத்துவிட்டுப் போனார். எனக்குக் கொஞ்சம் கஷ்டமாக இருந்தது. அவ்வளவுதான்.

போன மாதம் அந்தக் கோப்பு மருத்துவமனையிலிருந்து திரும்பி வந்தது. எக்ஸ்ரே எடுத்தது இடது கைக்கு, வலது என்று ஏன் போட்டீர்கள் என்று கேட்டிருந்தார்கள். முதல்முறையாக அந்தக் குறிப்பை முழுசாகப் படித்தேன். மூன்றாவது வரி, 'நோயாளி வலது கைப் பழக்கமுள்ளவர்.' அடுத்த பத்தியில், சுளுக்கியது இடது மணிக்கட்டு. அக்கா போட்டிருந்தது சரி. எனக்குப் பதற்றம் வந்திருக்க வேண்டும். வரவில்லை. ஒன்றை இரண்டாக மாற்றிவிட்டு அடுத்த கோப்பைத் திறந்தேன். அன்று மத்தியானம் சாப்பாட்டில் உப்பு இருந்ததா என்று கேட்டால் எனக்குத் தெரியாது.

சொல்லிவிட வேண்டும் என்று ஞாயிற்றுக்கிழமை அக்காவுக்குப் போன் செய்தேன்.

"இன்னா தம்பி, நல்லாகீறியா? கொழந்தைங்க?" பழைய குரல்தான். கை தேவலையாம். செங்கல்பட்டில் ஒரு துணிக்கடையில் வேலைக்கு நிற்கிறாராம். வேறு கோடிங் கம்பெனியில் முயற்சி செய்யவில்லையா என்று கேட்டேன்.

"கூப்ட்டாங்க. நான்தான் போவல. நீ முழுசா படிச்சுட்டுதான் போட்டிருப்ப, அன்னிக்கி நீ போட்டது சரிதான் தம்பி. இடது எப்டிப் போட்டேன்னு எனக்கே இன்னும் புரியல. வலது எது இடது எதுன்னு தெரியாதவ அந்த சீட்ல குந்தலாமா?"

நான் "ம்" என்றேன். கடையில் ஆள் வந்துவிட்டார்கள் என்று சொல்லி அவர்தான் போனை வைத்தார்.